வேடந்தாங்கல்: ஓர் ஏரி சரணாலயமான கதை

சென்னையிலிருந்து தெற்கே 80 கி.மீ. போனால் மதுராந்தகத்துக்குப் பக்கத்தில் வேடந்தாங்கல். ஏரியின் பரப்பு ஏறக்குறைய 30 ஹெக்டேர்தான். அந்த வட்டாரத்தில் இதைவிடப் பெரிய ஏரிகள் பல உண்டு. கோடை முற்றினால் தரை வெடித்து, மாடு மேயும் புல்வெளியாகிவிடும். இந்தச் சிற்றேரிதான் நாட்டின் மிகப் பழைய நீர்ப்பறவைச் சரணாலயங்களில் ஒன்று. அரசாங்கம் இதைச் சரணாலயமாக ஏற்றது 1936இல். ஆனால் அதற்கு ஒரு நூற்றாண்டுக்கும் முன்பே நெல் விளைவிக்கும் குடியானவர்கள் பறவைகளைக் காக்கத் தொடங்கியிருந்தார்கள்.

முதலில் ஏரியின் கதை. இந்த ஏரி இருக்கும் தொண்டை மண்டலத்தில் பாலாறு பெரும்பாலும் மணலாறு. ஆண்டின் மழையில் பெரும்பங்கு சில வாரங்களில் கொட்டித் தீர்ந்துவிடும். நிலமோ மேற்கிலிருந்து கிழக்காக மெல்லச் சரிகிறது. இந்தச் சரிவைப் பார்த்து முன்னோர் பிறை வடிவில் மண்கரை போட்டார்கள். கரைக்கு மேற்புறம் மழைநீர் பரந்து தேங்கும். வயலுக்குத் தண்ணீர் விட மதகு; மிஞ்சியது வழிந்து அடுத்த ஊர் ஏரிக்குப் போகக் கலங்கல். ஆழமாகத் தோண்டாமல் அகலமாகத் தேக்குவதுதான் இந்த முறை. இப்படிக் கோத்த ஏரிச் சங்கிலியில் வேடந்தாங்கலும் ஒரு கண்ணி. மேலே இருக்கும் ஏரியின் உபரியும் வரத்துக் கால்வாய்களும் அதை நிரப்புகின்றன.

ஆழம் குறைவாக இருந்ததால் ஏரிக்குள்ளேயே மரங்கள் நின்றன. மாதக்கணக்கில் அடிமரம் நீரில் ஊறினாலும் அழுகாத நீர்க்கடம்பும் கருவேலமும் அங்கே தழைத்தன. ஐப்பசி, கார்த்திகையில் ஏரி நிரம்பியதும் ஒவ்வொரு மரமும் தனித் தீவாகிவிடும். நரியும் காட்டுப்பூனையும் கூட்டை எட்ட முடியாது. குஞ்சு வளர்க்க இதைவிடப் பத்திரமான இடம் பறவைக்கு எங்கே கிடைக்கும்? நத்தைகுத்தி நாரை, அரிவாள் மூக்கன், நீர்க்காகம், வக்கா, பாம்புத்தாரா, கரண்டிவாயன் எல்லாம் வந்தன. கூழைக்கடாவும் மஞ்சள்மூக்கு நாரையும் வந்தன. ஒரே மரத்தில் பல இனங்கள் கிளை பிரித்துக் கூடு கட்டின.

ஆனால் 30 ஹெக்டேர் ஏரி இத்தனை வாய்களுக்கு இரை போட முடியாது. பறவைகள் விடியலில் கிளம்பிச் சுற்றிலும் உள்ள ஏரிகளிலும் வயல்களிலும் மீனும் நத்தையும் தவளையும் பிடித்துக்கொண்டு திரும்பின. பத்து ஊர் நீர்நிலைகளின் சத்து இப்படி எச்சமாக ஒரே ஏரியில் விழுந்தது. மதகைத் திறந்தால் அந்தச் சத்து நீரோடு வயலுக்குப் போனது. வேடந்தாங்கல் உழவர்கள் இதைக் கண்ணால் கண்டார்கள். பறவை கூடு கட்டிய ஆண்டில் பயிர் செழித்தது, எருச்செலவு குறைந்தது. நெல்வயலில் நத்தையைத் தேடித் தின்னும் நாரையும் அவர்களுக்கு வேண்டிய விருந்தாளிதான். ஏரிநீரில் பங்கு உண்டு என்பதுபோலப் பறவைகள் மீதும் தமக்கு உரிமையும் பொறுப்பும் உண்டு என்று ஊர் நினைக்கத் தொடங்கியது.

அந்த உரிமைக்குச் சோதனை வந்தது கும்பினி, அதாவது கிழக்கிந்தியக் கம்பெனி, ஆட்சியில். செங்கல்பட்டுச் சீமையை ஆற்காட்டு நவாப் 1763இல் கும்பினிக்கு ஜாகீராக, அதாவது வரி வசூலிக்கும் உரிமையோடு, கொடுத்திருந்தார். அந்த நூற்றாண்டின் கடைசியில் வெள்ளைக்காரச் சிப்பாய்கள் ஏரிக்கு வந்து, கூட்டில் இருந்த பறவைகளைச் சுட்டார்கள். ஊரார் பொறுக்கவில்லை. கலெக்டர் லயனல் பிளேஸிடம் முறையிட்டார்கள். இனி இங்கே பறவைகளைச் சுடக் கூடாது, அவற்றைக் காக்கும் உரிமை ஊராருக்கே என்று அவரிடம் ஒரு கவுல், அதாவது எழுத்து உறுதி, வாங்கினார்கள்.

பிளேஸ் இந்த வட்டாரம் மறக்காத பெயர். மதுராந்தகத்தில் ஏரி காத்த ராமர் கோயில் கதையில் வரும் துரை அவர்தான். உடையும் நிலையில் இருந்த கரையை ராமனும் இலக்குவனும் காவல் காத்ததை அவர் கண்டார் என்று ஊர் சொல்கிறது. கதை ஒருபுறம் இருக்கட்டும். ஏரி உடைந்தால் விளைச்சல் போகும், விளைச்சல் போனால் வரி போகும் என்பது எந்தக் கலெக்டருக்கும் தெரிந்த கணக்கு. பறவை இருந்தால் நெல் விளையும் என்று குடியானவர்கள் சொன்னது அந்தக் கணக்கோடு ஒத்துப்போயிருக்கும்.

இந்திய அளவில் யானையைக் காக்கச் சட்டம் வந்தது 1879இல். காட்டுப் பறவைகளுக்கான சட்டம் 1887இல். அமெரிக்காவின் யெல்லோஸ்டோன் பூங்காவே 1872இல்தான் உண்டானது. இவை எதுவும் இல்லாத காலத்தில், எந்தச் சட்டத்தையும் சுட்டிக்காட்ட வழியில்லாத ஓர் ஊர், ஆளும் படைக்கு எதிராகப் பறவைகளுக்காகப் போய் நின்றது. வேடந்தாங்கல் சரணாலயம் பிறந்த தருணம் அதுதான் என்று தயங்காமல் சொல்வேன்.

பிறகு வந்தவை அந்த உரிமையை ஒவ்வொன்றாக உறுதிப்படுத்தின. 1858இல் கவுல் புதுப்பிக்கப்பட்டது. 1936இல் சரணாலயமாக ஏற்பு. 1972இல் வந்த வன உயிரினப் பாதுகாப்புச் சட்டத்தின்கீழ் 1998இல் ஏரியைச் சுற்றி 5 கி.மீ. வரை சரணாலயமாக அறிவிப்பு. 2022இல் உலக முக்கியத்துவம் வாய்ந்த ஈரநிலங்களின் ராம்சர் பட்டியலில் இடம். இதனிடையே ஊர் தன் வழக்கத்தைத் தொடர்ந்தது. தீபாவளி வடகிழக்குப் பருவத்தில்தான் வரும். பறவைகள் கூடு தேடும் காலமும் அதுவே. அதனால் வேடந்தாங்கலில் பட்டாசுச் சத்தம் கேட்பதில்லை.

5 கி.மீ. வட்டத்துக்குள் ஊர்களும் வயல்களும் இருக்கின்றனவே, ஏரிக்கு மட்டும் வேலி போட்டால் போதாதா என்று கேட்பவர்கள் உண்டு. 2020இல் அந்த வட்டத்தை 3 கி.மீ.யாகச் சுருக்கும் யோசனையும் எழுந்தது. கடும் எதிர்ப்புக்குப் பின் கைவிடப்பட்டது. எதிர்த்தவர்கள் சொன்னதில் பழைய உழவர் அறிவே இருந்தது. பறவை உறங்குவதும் கூடு கட்டுவதும் ஏரியில், உண்பது வெளியே. சுற்றியுள்ள ஏரிகள் தூர்ந்து, வயல்கள் மனையாகி, கால்வாய்களில் ஆலைக்கழிவு கலந்தால் நடு ஏரிக்கு எத்தனை காவல் போட்டாலும் கூடு வெறுமையாகும்.

உழவர்களின் ஏரி என்பதால்தான் இது பறவைகளின் ஏரி ஆயிற்று. வேடந்தாங்கலைக் காப்பது என்றால் பக்கத்து ஊரின் கலங்கலைச் செப்பனிடுவது, வரத்துக் கால்வாயை ஆக்கிரமிப்பிலிருந்து மீட்பது, அங்கே நெல் விளைவிப்பவருக்குக் கட்டுப்படியாகும் விலை கிடைக்கச் செய்வது. இவை வனத்துறையின் வேலைப் பட்டியலில் மட்டும் அடங்குபவை இல்லை. நீர்வளத் துறையும் வேளாண் துறையும் ஊராட்சியும் சேர்ந்து செய்ய வேண்டியவை. அன்று ஊர் தானாகப் போய்க் கேட்டு வாங்கிய காவல் இது. இன்று அந்த ஊரிடம் கேட்காமல் இதன் எல்லையைப் பற்றி எந்த முடிவும் எடுக்கக் கூடாது.