கடன் மீட்பும் மறியலும்

கொடுத்த பொருள் திரும்பாதவிடத்துக் கொடுத்தோன் யாது செய்யலாம் என்பது வாணிகத்தோடு உடன்பிறந்த வினா. இற்றைநாளில் அதற்கு விடை நீதிமன்றமே. முற்காலத்திலோ, கடன் கொடுத்தோன் கடன்பட்டானைத் தானே தடுத்து நிறுத்தும் வழக்கம் இருந்தது. அதனை முறையற்ற வன்செயல் என ஒதுக்குவாருளர். அக்கூற்றுப் பொருந்துமா என்பதை ஈண்டு ஆராய்வோம்.

13-ஆம் நூற்றாண்டின் இறுதியில் மாபார் எனப்பட்ட தென்றமிழ்க் கரைக்கு வந்த மார்க்கோ போலோ ஒரு வழக்கத்தைக் குறித்துள்ளார். பலகாற் கேட்டும் கடன்பட்டான் நாள் கடத்துவானாயின், கொடுத்தோன் அவனைச் சுற்றி நிலத்தில் வட்டம் வரைவான். பொருளோ தக்க பிணையோ தந்தாலன்றி அவன் வட்டத்தைக் கடத்தலாகாது, கடப்பின் கொலைத்தண்டம். அயல்நாட்டு வணிகன் ஒருவனுக்குக் கடன்பட்ட அரசனே குதிரைமேல் இருக்கையில் இங்ஙனம் வளைக்கப்பட்டு, கடன் தீருமளவும் அசையாது நின்றதைத் தாம் கண்டதாகவும் அவர் கூறுகின்றார்.

பயணியர் கூற்றில் மிகையிருத்தல் இயல்பு. ஆயினும், 16-ஆம் நூற்றாண்டின் தொடக்கத்தில் கோழிக்கோட்டிற்கு வந்த இத்தாலியர் வார்த்தெமாவும் இவ்வழக்கத்தைக் கூறுகின்றார். பசுங்கிளையால் வட்டம் வரைதலும், அரசனின் எழுத்தர் எழுதிய ஆவணம் கடனுக்குச் சான்றாதலும் அவர் தரும் புதுச்செய்திகள். ஆகலின் இது கேட்டெழுதிய கதையன்று எனக் கொள்ளலாம். மீண்டும் மீண்டும் கேட்டல், தடுத்தல், மீறுவோனை அரசு ஒறுத்தல் என்னும் படிமுறை இரு குறிப்பிலும் உண்டு. தடுப்போன் தனியன், அவனுக்குப் பின்னிற்பதோ அரசாணை.

வடமொழி அறநூலும் இதற்கு அரண் செய்கின்றது. கடன் மீட்கும் வழிகளாக அறவுரை, வழக்கு, சூழ்ச்சி, வழக்காற்று நெருக்குதல், வலிமை என ஐந்தினை மனுநூல் வகுக்கின்றது. இவ்வைந்தனுள் மன்றம் செல்வது ஒன்றே.

தமிழகத்தில் மன்ற வழி அறியப்படாததன்று. 12-ஆம் நூற்றாண்டிற் சேக்கிழார் பாடிய பெரியபுராணத்தில், சுந்தரரைத் தம் அடிமை என முதியவர் தொடுத்த வழக்குத் திருவெண்ணெய்நல்லூர் அவையில் ஆராயப்படுகின்றது. கிழிக்கப்பட்டது படியோலை என்பதும், மூலவோலையிலுள்ள பாட்டனாரின் கையெழுத்தைக் காப்பிலிருந்த பிறிதோர் ஓலையோடு ஒப்புநோக்குவதும் ஆங்குக் காண்கின்றோம். அது கடன் வழக்கன்று. எனினும் ஆவணத்தை அவையோர் ஆய்ந்த முறையை அது தெளிவுறக் காட்டுகின்றது.

ஆங்கிலேயர் ஆட்சியில் நிகழ்ந்த மாற்றம் யாது? தெய்வச் சினம் நேரும் என அஞ்சுவித்துப் பிறர் வாயிலில் அமர்ந்து நெருக்கும் தருணாவை 1860-ஆம் ஆண்டின் இந்தியத் தண்டனைச் சட்டம் குற்றமாக்கியது. ஆனால் 1859-ஆம் ஆண்டின் உரிமையியல் நடைமுறைச் சட்டமோ, தீர்ப்புப் பெற்ற கடன் கொடுத்தோன் கடன்பட்டானைச் சிறைப்படுத்த இடந்தந்தது. எனவே தடுத்தல் மறையவில்லை. அது தனியன் கையினின்று அரசின் கைக்கு மாறியது என்பதே எம் துணிபு.

இம்மாற்றத்தில் ஓரிழப்பும் உண்டு. மாபார் வட்டத்துள் அரசனும் நின்றான். சிறையோ பெரும்பாலும் இல்லாதவனுக்கே உரியதாயிற்று. இக்குறையை நீக்க, செலுத்தும் ஆற்றல் இருந்தும் மறுத்தல் போன்ற காரணங்களை மன்றம் கண்டாலன்றிச் சிறை கூடாதென 1936-இல் வரையறை சேர்க்கப்பட்டது. 1980-ஆம் ஆண்டில், கொச்சி வங்கிக்குரிய கடன் வழக்கொன்றில், வறுமையால் கொடுக்கவியலாமை மட்டுமே ஒருவனைச் சிறைப்படுத்தக் காரணமாகாது என உச்சநீதிமன்றத்தில் நீதியரசர் வி. ஆர். கிருஷ்ணய்யர் தீர்ப்புரைத்தார்.

மறித்தலினின்று பிறந்த மறியல் என்னும் சொல் ஈழத்தமிழிற் சிறைக்காவலையும், தமிழகத்தில் வழிமறித்து நிகழ்த்தும் கிளர்ச்சியையும் குறிக்கின்றது. தடுக்கும் உரிமை அரசினுடையதா, மக்களுடையதா என்னும் பழைய வினா அவ்வொரு சொல்லின் இரு பொருளிலும் இன்றும் நிற்கக் காண்கின்றோம்.