பதுளையில் ஏறிய கோச்சியும் கூடலூரில் எரியாத விளக்கும்

போன வாரம் தரம் 11 பிள்ளைகளுக்கு சிறிமா – சாஸ்திரி ஒப்பந்தம் படிப்பித்துக்கொண்டிருந்தேன். 1964 ஒக்டோபர் 30. மொத்தம் 975,000 பேர். இந்தியாவுக்கு 525,000, இலங்கைக்கு 300,000, மிச்சம் 150,000 பேரைப் பிறகு பார்த்துக்கொள்வோம். ஆட்களை இப்படிப் பங்கு போட்ட கணக்கைப் பலகையில் எழுதி முடிக்க முதல், பின்வரிசைப் பிள்ளை ஒருத்தி எழும்பினாள்.

"சேர், எங்க அப்பாயியோட அண்ணன் கூடலூர்ல இருக்காரு. அவங்க வீட்டுக்கு இன்னமும் கரண்ட் இல்லையாம். குடுத்தா கோர்ட் அவமதிப்பு ஆகிருமாம். அது எப்படி சேர்?"

பாடப்புத்தகத்தில் இதற்குப் பதில் இல்லை. வீட்டுக்கு வந்து தேடி வாசித்ததை எழுதுகிறேன். கொஞ்சம் நீளும், பொறுத்துக்கொள்ளுங்கள்.

பதுளையில் கோச்சி ஏறி, தலைமன்னாரில் கப்பல் மாறி, இராமேஸ்வரத்தில் இறங்கியவர்களில் பலர் நீலகிரிக்குப் போனார்கள். அவர்களுக்குத் தெரிந்த தொழில் தேயிலை. தமிழ்நாடு அரசு 1968இல் வனத் துறையின் கீழ் தேயிலைத் தோட்டங்களைத் தொடங்கியது. பிறகு 'டான்டீ' என்று நிறுவனமானதும் அதுதான். காட்டை வெட்டித்தான் நட்டார்கள். வெட்டச் சொன்னது அரசு, வெட்டியது நம்முடைய ஆட்கள். தோட்டத்தில் வேலை கிடைக்காதவர்கள் கூடலூர்ப் பக்கம் துண்டு நிலம் தேடினார்கள். அந்தப் பிள்ளையின் தாத்தாவும் வெள்ளைத்தாளில் எழுதித்தான் வாங்கினாராம்.

அந்த நிலத்துக்குத் தனிக்கதை உண்டு. கூடலூர் ஒரு காலத்தில் மலபாரோடு சேர்ந்திருந்த பகுதி. நிலமும் காடும் நிலம்பூர் கோவிலகத்தின் ஜென்மம் சொத்து. தோட்டக் கம்பனிகள் அவர்களிடம் குத்தகைக்கு எடுத்திருந்தன. 1969இல் தமிழ்நாடு சட்டம் போட்டு ஜென்மத்தை ஒழித்தது. குத்தகைத் தோட்டங்களை என்ன செய்வது என்று சொல்லும் பிரிவு 17இல்தான் எல்லாம் சிக்கியது. 1972இல் உச்ச நீதிமன்றம் (நாங்கள் உயர் நீதிமன்றம் என்பதை அங்கே அப்படித்தான் சொல்வார்கள்) காடுகளை அரசு எடுப்பது செல்லாது என்றது. 1974இல் இந்திய அரசு அரசியலமைப்பையே திருத்தி இந்தச் சட்டத்துக்குக் காப்புக் கொடுத்தது. அது சரியா பிழையா என்ற வழக்கு ஒன்பது நீதிபதிகள் வரை போய் 2007இல் தீர்ந்தது. சட்டம் படிக்கிறவர்கள் கோயெல்ஹோ வழக்கு என்று மனப்பாடம் செய்வது இதைத்தான். 2010இல் காடு அரசுக்கே என்று இன்னொரு தீர்ப்பு. இத்தனைக்கும் இடையில், அந்த நிலத்தில் குடியிருந்தவன் குடியிருந்தபடியே இருந்தான், பட்டா இல்லாமல்.

இந்தியாவின் மிகப் பெரிய காட்டு வழக்கும் இதே மண்ணில் பிறந்ததுதான். கூடலூரில் மரம் விழுவதைப் பொறுக்கமாட்டாமல் 1995இல் மனுப்போட்டவர் கோதவர்மன் திருமுல்பாடு, அதே கோவிலகத்துக்காரர். 1996 டிசம்பர் 12இல் நீதிமன்றம் சொன்னது: யாருடைய நிலமானாலும் காடு காடுதான்; மத்திய அரசின் முன் அனுமதி இல்லாமல் அங்கே காடு சாராத எந்த வேலையும் கூடாது. நல்ல கட்டளை. அது இல்லையென்றால் எத்தனையோ மலை மொட்டையாகியிருக்கும், இதை நான் மறுக்கமாட்டேன்.

அவமதிப்பு என்றால் நீதிபதியை ஏசுவது மட்டுமல்ல. கட்டளையை வேண்டுமென்றே மீறுவதும் அவமதிப்பு. இந்தியாவில் 1971 முதல் அதற்குச் சட்டம் இருக்கிறது. எங்கள் நாட்டில் தனிச்சட்டம் வந்தது 2024இல்தான். 2006 மே மாதம், இந்தக் கோதவர்மன் வழக்கிலேயே, மர ஆலைகளுக்கு அனுமதி கொடுத்ததற்காக மகாராஷ்டிர அமைச்சர் சுவரூப்சிங் நாயக்குக்கும் மூத்த அதிகாரி ஒருவருக்கும் ஒரு மாதச் சிறை கிடைத்தது. பதவியில் இருந்த அமைச்சர்! ஆனால் எப்போதும் அப்படியில்லை. டில்லியில் பாதுகாக்கப்பட்ட ரிட்ஜ் காட்டில் வீதியை அகலிக்க 2024இல் ஆயிரத்துக்கு மேற்பட்ட மரங்களை வெட்டினார்கள். 2025 மே 28இல் அது அவமதிப்பே என்று தீர்ந்தது. அதிகாரிகளுக்குத் தலா 25,000 ரூபாய் அபராதம், அவ்வளவுதான்.

இப்போது கூடலூரில் மின்சார இணைப்புக்குக் கையெழுத்துப் போடவேண்டிய உத்தியோகத்தரை நினைத்துப் பாருங்கள். கையெழுத்துப் போட்டால் ஒருநாள் கூண்டில் நிற்கவேண்டி வரலாம். போடாவிட்டால் யாரும் அவரைக் கேட்கப்போவதில்லை. அப்படியானால் அவர் எதைச் செய்வார்? பக்கத்து மசினகுடியில், யானை வழித்தடத்தில் எழும்பிய உல்லாச விடுதிகளில் விளக்கு எரிந்துகொண்டுதான் இருந்தது. பதினொன்றை 48 மணித்தியாலத்தில் பூட்டச்சொல்லி நீதிமன்றம் கட்டளையிட்டது 2018 ஓகஸ்டில். அதுவரை அவை கட்டவும் நடக்கவும் யாரோ கையெழுத்துப் போட்டிருக்கத்தானே வேண்டும்?

எங்கள் பக்கக் கதையையும் சொல்லாமல் விட்டால் நான் நேர்மையாக எழுதியதாக ஆகாது. 1990இல் விரட்டப்பட்ட வடக்கு முஸ்லிம்களில் ஒரு பகுதியினரைப் போருக்குப் பிறகு மன்னார் கல்லாறு வனத்தில் குடியேற்றினார்கள். அவர்களின் பழைய ஊர்க்காணியைக் காடு மூடியிருந்தது என்பது உண்மை. காடு வெட்டப்பட்டதும் உண்மை. 2020 நவம்பர் 16இல் மேன்முறையீட்டு நீதிமன்றம், அந்தக் காடழிப்பு சட்டவிரோதம், மீள மரம் நடும் செலவை முன்னாள் அமைச்சரே ஏற்கவேண்டும் என்றது. அப்போது எங்கள் ஆட்கள் பலர் கோபப்பட்டார்கள், நானும்தான். இப்போது திரும்ப வாசிக்கும்போது ஒரு விசயம் படுகிறது: அங்கே பில் போனது குடியேற்றியவரின் பெயருக்கு, குடியேறியவனின் பெயருக்கு அல்ல. கூடலூரில் அந்தப் பில்லை யார் கட்டுகிறார்கள்? 2022இல் டான்டீ 2,000 ஹெக்டேயருக்கு மேல் வனத் துறைக்கே திருப்பிக் கொடுத்தபோதும், தோட்ட வீடுகளில் இருந்த பழைய தொழிலாளர்களுக்குத்தான் பயம் பிடித்தது.

அடுத்த நாள் இதையெல்லாம் வகுப்பில் சொன்னேன். பிள்ளை கவனமாகக் கேட்டாள். கரண்ட் இல்லாமல் தாத்தா எப்படி உங்களோடு போனில் பேசுகிறார் என்று கேட்டேன்.

"வெள்ளிக்கிழமை சந்தைக்கு வருவாரு சேர். கடையில குடுத்து சார்ஜ் போட்டுத்தான் பேசுவாரு. அதனால அப்பாயி வெள்ளிக்கிழமை மட்டும் கொழுந்து எடுக்கப் போகாது."