ராமுவுக்காக அழுதவர்கள்

என் பாட்டி பீடோங் பக்கத்துத் தோட்டம் ஒன்றில் பால்மரம் சீவியவர். திடலில் வெள்ளைத் துணி கட்டிப் படம் காட்டிய காலத்தைப் பற்றிப் பேச்செடுத்தால் ‘நல்ல நேரம்’ வந்துவிடும். “ராமு செத்தப்ப லயமே அழுதுச்சுடா. மறுநாள் பெரட்டுலகூட அதே பேச்சுதான்” என்பார். ராமு ஒரு யானை.

சாண்டோ சின்னப்பா தேவர் இந்தக் கதையை விடவே இல்லை. 1967இல் ‘தெய்வச் செயல்’, 1971இல் ராஜேஷ் கன்னாவை வைத்து இந்தியில் ‘ஹாத்தி மேரே சாத்தி’, 1972இல் எம்.ஜி.ஆரோடு ‘நல்ல நேரம்’. யானைகளைத் தெருவில் வித்தை காட்ட வைத்துப் பிழைப்பதைப் படம் நட்பு என்கிறது. நாமும் நம்பினோம். செத்துக் கிடந்த ராமு ‘கட்’ சொன்னதும் எழுந்திருக்கும். சொன்னபடி படுக்க அதற்கு யார், எதைக் கொண்டு கற்றுக்கொடுத்தார்கள்? அங்குசமும் சங்கிலியும் இல்லாமல் யானையைப் பழக்கிய காலமில்லை அது.

கேட்க ஆளே இல்லாத காலமும் இல்லை. கலாக்ஷேத்திராவைத் தொடங்கிய ருக்மிணி தேவி அருண்டேல், மாநிலங்களவை உறுப்பினராக இருந்தபோது விலங்கு வதைக்கு எதிராகத் தனிநபர் மசோதா கொண்டுவந்தார். அதன் தொடர்ச்சியாக 1960இல் சட்டமே வந்தது. வித்தை காட்டும் விலங்குகளுக்கென்று அதில் தனி அத்தியாயம் உண்டு. 1962இல் அவர் தலைமையில் விலங்கு நல வாரியம் அமைந்தது, தேவர் படமெடுத்த அதே சென்னையில். ஆனால் சினிமாவுக்கு விலங்குகளை வாடகைக்கு விடுவதைக் கட்டுப்படுத்தும் விதிகள் 2001இல்தான் வந்தன. நம் ஆட்கள் பரதத்துக்காக ருக்மிணி தேவியைப் பேசுவார்கள், இதற்காகப் பேசி நான் கேட்டதில்லை.

பாட்டியைக் குறை சொல்ல எனக்கு யோக்கியதை கிடையாது. போன வருஷம் ஒரு தேவாங்கு வீடியோவைக் குடும்ப வாட்ஸ்அப்பில் நானே போட்டேன். யாரோ கிச்சுகிச்சு மூட்ட, அது இரண்டு கையையும் மேலே தூக்குகிறது. செம கியூட் என்று எழுதியிருந்தேன். அதன் முழங்கைப் பக்கம் ஒரு சுரப்பி இருக்கிறது. அந்தச் சுரப்பும் எச்சிலும் கலந்தால் விஷம். பயந்துபோனால் கையைத் தூக்கிக் கடிக்கத் தயாராகும். விற்பவர்கள் பல்லை வெட்டிவிடுவதால் கடிக்கவும் முடியாது. மலாயில் ‘கொங்காங்’ என்று சொல்லும் இந்தப் பிராணி நம் கெடா காடுகளிலும் உண்டு. இதெல்லாம் பிறகு படித்துத் தெரிந்துகொண்டது.

பாட்டி எதையும் படிக்கவில்லை. போனைக் கண்ணுக்குப் பக்கத்தில் வைத்து இரண்டு தடவை பார்த்தார்.

“சிரிக்கலடா இது. விட்டுடச் சொல்லிக் கும்புடுது.”