பனியன், கோட்டு, பறை: காஸ்ட்லெஸ் கலெக்டிவ் பற்றிச் சில குறிப்புகள்

போன மாசம் காதர்பேட்டையில் ஒரு டி-சர்ட் வாங்கினேன். எக்ஸ்போர்ட் சர்ப்ளஸ். கருப்புத் துணி, நெஞ்சில் கழுகு முத்திரை, அதைச் சுற்றி நாலு பெயர்கள், மேலே பெரிதாக 'ராமோன்ஸ்'. "ஏனுங்கண்ணா, இது யாருன்னு தெரியுமா?" என்று கடைக்காரரிடம் கேட்டேன். "ஏதோ கம்பெனி பேரா இருக்கும் தம்பி. நல்லா ஓடுதுங்க" என்றார்.

கம்பெனி இல்லை. 1974-ல் நியூயார்க்கில் தொடங்கிய பங்க் ராக் குழு. ஆரம்பத்தில் இருந்த நாலு பேரில் ஒருவர்கூட இப்போது உயிரோடு இல்லை. பாட்டைக் கேட்டவர்களைவிட சட்டையைப் போட்டவர்கள்தான் அதிகம் இருப்பார்கள் என்று நினைக்கிறேன். வீட்டுக்கு வந்த பிறகு ஒரு கேள்வி மட்டும் தலையிலேயே சுற்றிக்கொண்டிருந்தது. தமிழில் இப்படி ஒன்று இருந்ததா? அரசியல் பேசுகிற, கத்துகிற, யாரிடமும் அனுமதி கேட்காத ஒரு இசைக்குழு?

ஒன்று இருக்கிறது. கறாராகச் சொன்னால் அது பங்க் இல்லை. கானா, ராப், ராக், பறை எல்லாம் கலந்தது. ஆனாலும் அதைப் பங்கோடு பக்கத்தில் வைத்துப் பார்க்க எனக்கு ஒரு காரணம் கிடைத்தது. திருப்பூர்க்காரன் கண்ணுக்கு முதலில் படுகிற காரணம்தான்: துணி.

லண்டன் பங்க் பிறந்தது ஒரு துணிக்கடையில். மால்கம் மெக்லாரனும் விவியன் வெஸ்ட்வுட்டும் கிங்ஸ் ரோட்டில் நடத்திய கடை அது. செக்ஸ் பிஸ்டல்ஸ் குழு அங்கேதான் உருவானது. 1975-ல் ஜான் லைடன் அந்தக் குழுவுக்குப் பாடகராகத் தேர்வானபோது, பிங்க் ஃப்ளாய்ட் டி-சர்ட் ஒன்றில் அந்தக் குழுவையே வெறுப்பதாகக் கையால் எழுதிப் போட்டிருந்தார். கிழிந்த சட்டை, சட்டையைச் சேர்த்துப் பிடிக்க ஊக்கு. ஒழுங்கான உடுப்பு என்று சமூகம் எதைச் சொன்னதோ அதைக் கிழித்துப் போட்டதுதான் அவர்கள் அரசியலின் முதல் வரி. பாட்டெல்லாம் அப்புறம்தான்.

இப்போது சென்னைக்கு வாருங்கள். 2018 ஜனவரி 6, கீழ்ப்பாக்கம் சி.எஸ்.ஐ. பெயின்ஸ் பள்ளி மைதானம். மேடையில் 19 பேர். கானா பாடுகிறவர்கள், சாவு வீட்டில் சட்டி அடித்தவர்கள், ராப் பாடுகிற பையன்கள், கிட்டார் வாசிக்கிறவர்கள். எல்லோருமே ஒரே மாதிரி கோட்டு சூட்டு!

லண்டனில் கிழித்தார்கள், இங்கே தைத்துப் போட்டுக்கொண்டார்கள். இரண்டும் ஒரே காரியம்தான் என்பது என் எண்ணம். ஏன் என்று சொல்லக் கொஞ்சம் பின்னால் போக வேண்டும்.

ஜே.எச். ஹட்டன் என்பவர் 1931 மக்கள்தொகைக் கணக்கெடுப்பின் ஆணையர். இந்தியச் சாதிகளைப் பற்றிய அவருடைய புத்தகத்தில், 1930 டிசம்பரில் ராமநாதபுரம் பகுதி ஆதிக்க சாதியினர் ஆதிதிராவிடர் மீது விதித்த எட்டுத் தடைகளின் பட்டியல் இருக்கிறது. நகை போடக் கூடாது. ஆண்களின் துணி முழங்காலுக்குக் கீழேயோ இடுப்புக்கு மேலேயோ போகக் கூடாது. அதற்கடுத்த வரியைப் படித்துவிட்டுக் கொஞ்ச நேரம் அப்படியே உட்கார்ந்திருந்தேன்: கோட்டு, சட்டை, *பனியன்* அணியக் கூடாது. மீறியவர்கள் மீது வன்முறை நடந்ததாகவும் எழுதியிருக்கிறார்.

பனியன்! நம்ம ஊரில் பனியன் பின்னுகிற மிஷின்கள் வந்திறங்கியது 1920-களில். ஒரு பக்கம் இங்கே மிஷின் ஓடத் தொடங்குகிறது, இன்னொரு பக்கம் தெற்கே அதைப் போட்டால் அடி. நம்ம ஊர்த் தொழில் வரலாறு பற்றி எவ்வளவோ கூட்டம் நடக்கிறது, மலர் போடுகிறார்கள். இந்த வரியை எதிலும் நான் பார்த்ததில்லை.

இதோடு இன்னொன்றையும் சேர்த்து யோசியுங்கள். காந்தி மேல்சட்டையை விட்டது 1921 செப்டம்பர் 22, மதுரையில். சட்டை இருந்தவர் அதைக் கழற்றினால் தியாகம். சட்டை மறுக்கப்பட்டவர் கழற்றுவதற்கு என்ன இருக்கிறது? அம்பேத்கர் கடைசிவரை கோட்டோடு நின்றதை ஆடம்பரம் என்று பேசுகிறவர்களுக்கு இது புரிவதே இல்லை. ஊர் ஊராக நிற்கிற அவருடைய நீலக் கோட்டுச் சிலைகளின் தொடர்ச்சிதான் கீழ்ப்பாக்கம் மேடையில் நின்ற அந்த 19 கோட்டும்.

பழைய கதை என்று தள்ளிவிட முடியாது. 2016 மார்ச் 13, நம்ம மாவட்டத்து உடுமலைப்பேட்டை. சங்கரும் கௌசல்யாவும் அன்றைக்கு டவுனுக்கு வந்தது சங்கருக்குப் புதுச் சட்டை எடுக்கத்தான். எடுத்துக்கொண்டு பஸ் ஸ்டாண்டுப் பக்கம் வந்தபோது பட்டப்பகலில் வெட்டினார்கள். சங்கருக்கு 22 வயது. தலையில் வெட்டுப்பட்ட கௌசல்யா பிழைத்தார். பிறகு பறை கற்றுக்கொண்டு மேடைகளில் அடித்தார். 2017 டிசம்பர் 12 அன்று திருப்பூர் நீதிமன்றம் அவருடைய அப்பா உட்பட ஆறு பேருக்குத் தூக்குத் தண்டனை விதித்தது. 2020 ஜூனில் உயர் நீதிமன்றம் அப்பாவை விடுதலை செய்து, மற்ற ஐந்து பேரின் தண்டனையை ஆயுளாகக் குறைத்தது. திருப்பூர்த் தீர்ப்புக்கும் கீழ்ப்பாக்கம் கச்சேரிக்கும் நடுவில் 25 நாள்தான். இரண்டுக்கும் நேரடித் தொடர்பு ஒன்றும் இல்லை. ஆனால் அந்தக் கூட்டம் எந்தக் காற்றை மூச்சு விட்டுக்கொண்டு அங்கே நின்றது என்பதற்காகச் சொல்கிறேன்.

சரி, குழு எப்படி உருவானது? இயக்குநர் பா. இரஞ்சித்தின் நீலம் பண்பாட்டு மையமும், இசையமைப்பாளர் டென்மாவும் சேர்ந்து 2017-ல் ஆரம்பித்தது. டென்மா அதற்கு முன்பே 'குரங்கன்' குழுவில் தமிழில் சுயாதீன இசை செய்துகொண்டிருந்தவர். பாடகர்களையும் வாத்தியக்காரர்களையும் தேடி ஆடிஷன் வைத்தார்கள். நூற்றைம்பதுக்கும் மேல் வந்தவர்களில் 19 பேர் தேர்வானார்கள். பெயர் அயோத்திதாசரிடமிருந்து வந்தது. கணக்கெடுப்பில் தம் மக்கள் 'சாதிபேதமற்ற' தமிழர், திராவிடர் என்று பதிய வேண்டும் என்று வாதாடியவர் அவர். 1907-லிருந்து 'ஒரு பைசாத் தமிழன்' நடத்தியவர். அந்தச் 'சாதிபேதமற்ற' என்ற சொல்தான் 'காஸ்ட்லெஸ்' ஆனது. ஒரு கணக்கெடுப்புப் படிவத்துக்காகப் பிறந்த சொல் ஒரு ராக் குழுவின் பெயராகிறது. இதைவிட நல்ல பெயர்க்கதை லண்டன் குழுக்கள் எதற்கும் இருப்பதாகத் தெரியவில்லை.

வேலையில் கஷ்டமான பகுதி அரசியல் இல்லை, ஒலிதான் என்று நினைக்கிறேன். பறை தீயில் காய்ச்சினால்தான் சுருதி ஏறும், நேரம் ஆக ஆக இறங்கும். கிட்டார் அப்படி நகராது. சட்டி, கட்டமோளம் எல்லாம் தெருவில், திறந்த வெளியில், ஊர்வலத்தோடு நடந்துகொண்டே அடிக்கிற வாத்தியங்கள். அதையும் டிரம் செட்டையும் ஒரே மேடையில் மைக் வைத்து, பாடுகிறவன் சொல்லும் கேட்கிற மாதிரி செய்வது லேசுப்பட்ட காரியமில்லை. சினிமாவில் கானா வரும்போது பெரும்பாலும் குரலை எடுத்துக்கொண்டு வாத்தியத்தைக் கழற்றிவிடுவார்கள். இங்கே வாத்தியமும் வந்தது, அடிக்கிறவரும் வந்தார், பெயரோடு.

பாட்டுகளைக் கேட்டால் இது தெரியும். இடஒதுக்கீட்டைப் பற்றி 'கோட்டா', மாட்டுக்கறி பற்றி ஒன்று, 'வட சென்னை', 'ஜெய் பீம் ஆந்தம்'. சோகமாக ஒப்பாரி வைக்கவில்லை. நக்கல், கேலி, ஆட்டம். 'மெட்ராஸின் மகிழ்ச்சி' என்றே ஒரு பாட்டு. பங்கோடு பெரிய வித்தியாசம் இங்கேதான்: எதிர்காலமே இல்லை என்று பிஸ்டல்ஸ் கத்தினார்கள், இவர்கள் கத்துவது எதிர்காலம் வேண்டும் என்று. ஆண்கள் மட்டுமே பாடிவந்த கானாவை இசைவாணி பாடினார். குழுவில் அப்போது ஒரே பெண். 2020-ல் பிபிசியின் நூறு பெண்கள் பட்டியலில் அவர் பெயர் வந்தது. அறிவும் இந்த மேடையிலிருந்துதான் பரவலாகத் தெரியவந்தார்.

தேதியையும் கவனியுங்கள். ஜனவரி 6 என்றால் மார்கழி. மயிலாப்பூர், தி.நகர் சபாக்களின் சீசன் அடங்கிக்கொண்டிருந்த சமயம். அது தற்செயலா தெரியாது, ஆனால் 2020 டிசம்பரில் நீலம் 'மார்கழியில் மக்களிசை' என்று நேரடியாகவே பெயர் வைத்து விழா தொடங்கிவிட்டது.

வெளியீடு என்று பார்த்தால், பிஸ்டல்ஸ் பட்ட பாடு இவர்களுக்கு இல்லை. 1977 மார்ச்சில் ஏ அண்ட் எம் கம்பெனி பிஸ்டல்ஸோடு ஒப்பந்தம் போட்டு ஒரே வாரத்தில் ரத்து செய்து, அச்சான தட்டுகளையும் அழித்தது. இங்கே அழிக்கத் தட்டு ஏது? யூடியூபில் ஏற்றினால் வேலை முடிந்தது. 'மகிழ்ச்சி' என்று தொகுப்பும் வந்தது. ஆனால் ஏற்றியது அங்கேயே கிடக்கும் என்பதில் இன்னொரு தொல்லை இருக்கிறது. கோயிலுக்குள் போகப் பெண்களுக்குள்ள உரிமையைப் பற்றி 2018-ல் பாடிய 'ஐ ஆம் சாரி ஐயப்பா' பாட்டுக்காக, ஆறு வருடம் கழித்து 2024 நவம்பரில் இசைவாணி மீது போலீசில் புகார்கள் கொடுத்தார்கள். இணையத்தில் வசவும் மிரட்டலும். பாட்டு எல்லோருடையதும், அதிகமாக மாட்டிவிடப்பட்டது அந்த ஒரு பெண்.

என் ரசனையைச் சொல்லிவிடுகிறேன். ஸ்டுடியோப் பதிவுகள் எனக்குக் கொஞ்சம் வழவழப்பாகத் தெரிகின்றன, சட்டியின் சத்தத்தைச் சீவிவிட்ட மாதிரி. மேடையில் பாடியதைப் பதிவு செய்த வீடியோக்கள்தான் நல்லவை. புதிதாகக் கேட்கிறவர்கள் அங்கிருந்து ஆரம்பியுங்கள், முடிந்தால் நல்ல ஹெட்போனில்.

அந்த ராமோன்ஸ் சட்டை முதல் சலவையிலேயே பிரிண்ட் விட ஆரம்பித்துவிட்டது. சர்ப்ளஸ் என்று சொல்லித் தலையில் கட்டிவிட்டார்கள் போல.