விடுதலைக்குப் பிறகு வண்டி யாருக்கு?

இலங்கையின் கிளிநொச்சியில் அக்கராயன் வீதியில் மறிக்கப்பட்ட ஓர் ஓட்டோவையும் இந்தியாவில் இராமேஸ்வரம் சாலையில் பிடிபட்ட ஓர் ஆட்டோவையும் அருகருகே நிறுத்திப் பார்ப்போம். இரண்டிலும் கஞ்சாப் பொதி. இரு சாரதிகளும் வழக்கின் முடிவில் விடுதலையாகி வீட்டுக்குப் போய்விட்டார்கள் என்று வைத்துக்கொள்வோம். வண்டிகளின் கதி என்ன?

இலங்கையின் நஞ்சுகள், அபின், அபாயகர ஔடதங்கள் கட்டளைச் சட்டம் 79ஆம் பிரிவில் வாகனத்தின் தலைவிதியைக் குற்றத்தீர்ப்போடு முடிந்து வைத்திருக்கிறது. சாரதி குற்றவாளியானால் அந்தத் தீர்ப்பின் காரணமாகவே வண்டியும் அரசுடைமை. குற்றத்தீர்ப்பு இல்லையென்றால் முடிச்சு அவிழ்ந்துவிடும். வண்டியை யாரிடம் கொடுப்பது என்பதைக் குற்றவியல் நடவடிக்கைமுறைச் சட்டத்தின் கீழ் நீதிமன்றம் தீர்மானிக்கும்.

இந்தியாவின் 1985ஆம் ஆண்டுப் போதைப்பொருள் சட்டம் அப்படி விடுவதில்லை. அதன் 63ஆம் பிரிவின்படி, எதிரி தண்டிக்கப்பட்டாலும் விடுவிக்கப்பட்டாலும் கைப்பற்றிய பொருளைப் பற்றி நீதிமன்றம் தனியே முடிவெடுக்க வேண்டும். ஆளுக்கொரு வழக்கு, வண்டிக்கொரு வழக்கு என்றே சொல்லலாம். தனக்கோ தன் முகவருக்கோ வண்டியை வைத்திருந்தவருக்கோ எதுவும் தெரியாது, மூவரும் தக்க முன்னெச்சரிக்கையோடுதான் இருந்தார்கள் என்று உரிமையாளரே நிரூபிக்க வேண்டும் என்கிறது 60ஆம் பிரிவு.

இலங்கைச் சட்டம் இளகியது, இந்தியச் சட்டம் இறுகியது என்று அவசரப்பட்டுச் சொல்லிவிட வேண்டாம். வீட்டையும் வங்கிக் கணக்கையும் எடுத்துக்கொண்டால் எல்லாம் தலைகீழாகிறது. போதைப்பணத்தில் வாங்கியது என்று இந்தியாவில் முடக்கப்பட்ட சொத்து, உரியவர் விடுதலையாகி, மேன்முறையீடும் இல்லாமற்போனால் அல்லது தோற்றால், 68-இசட் பிரிவின்படி விடுபடும். இலங்கையிலோ 2025ஆம் ஆண்டின் 5ஆம் இலக்கக் குற்றச்செயல்களின் வரும்படிகள் சட்டம், குற்றத்தீர்ப்பு இல்லாமலே சொத்தைப் பறிக்க வழி திறந்திருக்கிறது. இந்தியாவில் வீடு ஆளோடு சேர்ந்து மீளும், வண்டி தனியே வழக்காடும். இலங்கையில் வண்டி ஆளோடு மீளும், வீட்டின் மேல் தனி வழக்கு வரலாம். ஒரே மேலங்கியை ஒருவர் உட்புறமாகவும் மற்றவர் வெளிப்புறமாகவும் அணிந்திருப்பதுபோல.

என் பார்வையில் இந்திய ஏற்பாடு விசித்திரமானது. ஓட்டோ ஒன்றே சொத்தாக இருப்பவர் நிரூபிக்கும் சுமையைத் தூக்குகிறார். மாடிவீட்டுக்காரர் விடுதலைத் தீர்ப்பைக் காட்டினால் போதும்.

ஆனால் இலங்கைச் சாரதியும் நிம்மதியாக இருக்க முடியாது. வன்னியில் ஓடும் ஓட்டோக்களில் பல லீசிங்கில் எடுத்தவை. பதிவுப் புத்தகத்தில் முழு உரிமையாளராக நிதி நிறுவனத்தின் பெயர் இருக்கும். குற்றவியல் நடவடிக்கைமுறைச் சட்டத்தின் 433அ பிரிவின்படி வண்டியை உடைமையில் வைத்திருக்க உரித்துடையவர் அந்த முழு உரிமையாளரே. மறியலில் இருந்த மாதங்களில் தவணை கட்டியிருக்க முடியாது. ஆக, அரசு விட்டுக்கொடுத்த வண்டியை நிறுவனம் எடுத்துக்கொள்ளக்கூடும். இந்தியாவில் கடனில் வாங்கினாலும் ஆர்.சி. புத்தகத்தில் உரிமையாளர் வாங்கியவரே. கடன்கொடுத்தவரின் பெயர் அடமானக் குறிப்பாக மட்டும் நிற்கும். சட்டம் கடுமையான இடத்தில் கேட்டு வாங்கும் உரிமை சாரதி-முதலாளியின் கையில்; சட்டம் இளகிய இடத்தில் அந்த உரிமை இன்னொருவரிடம்.

2025 ஜனவரியில் இந்திய உச்ச நீதிமன்றத்தின் முன் வந்த அசாம் லொறி ஒன்றும் தவணைக்கடனில் வாங்கியதுதான். அதில் வந்த பயணி ஒருவரின் சோப்புப் பெட்டிகளில் ஹெரோயின் இருந்தது. உரிமையாளர் எதிரியே அல்ல. வழக்கு முடியும்வரை வண்டியை இடைக்காலமாக விடுவிக்கச் சட்டத்தில் தடையில்லை என்றது நீதிமன்றம். கைப்பற்றிய வாகனங்களைப் பொலிஸ் நிலையங்களில் நெடுநாள் கிடக்கவிடக் கூடாது என்று சுந்தர்பாய் அம்பாலால் தேசாய் வழக்கில் 2002இலேயே அது சொல்லியிருந்தது.

அப்படிக் கிடக்கவிடக் கூடாது என்பதற்கான காரணம் இரு கரைகளிலும் ஒன்றுதான். பொலிஸ் வளவில் இரண்டு மாரி நனைந்த ஓட்டோவைப் பாருங்கள்: பற்றரி செத்திருக்கும், ரயர் வெடித்து மண்ணோடு ஒட்டியிருக்கும், ஹூட் துணி கிழிந்து இருக்கைப் பஞ்சு வெளியே தெரியும். கட்டளை கையில் கிடைத்தாலும் அதை இழுத்துப்போக இன்னொரு வாகனம் பிடிக்க வேண்டும்.

ஆகவே தீர்ப்பன்று சட்டத்தரணி கேட்க வேண்டியவை வெவ்வேறு. மதுரையில், உரிமையாளருக்கு என்ன தெரிந்திருந்தது என்பதற்கான சாட்சியம். கிளிநொச்சியில், லீசிங் கணக்கில் எத்தனை தவணை பாக்கி என்ற விபரம்.