அகிலனும் கடாரத்து அகிலும்

கார்த்திகை முதல் பாதத்தில் பிள்ளை பிறந்தால் 'அ'வில் பெயர் தேட வேண்டும். மலேசியாவின் கெடா மாநிலத்தில், சுங்கைப் பட்டாணியிலோ பாடாங் செராயிலோ தேடும் பெற்றோருக்கு அகிலன் சட்டென்று கைக்கு வரும் பெயர். பொருள்தான் சிக்கல். ஒரு பெயர்ப் பட்டியல் உலகை ஆள்பவன் என்கிறது, இன்னொன்று அறிவாளி என்கிறது. ஒரே பெயருக்கு இரண்டும் எப்படிப் பொருந்தும்?

முதலாவது பாதி சரி. வடமொழி 'அகில' என்பதில் 'கில' என்றால் இடைவெளி, தரிசு. முன்னால் நிற்கும் 'அ' அதை மறுக்கிறது. விடுபாடு இல்லாதது, முழுமையானது என்பதே பொருள். தமிழில் அது அகிலமாகி உலகத்தைக் குறித்தது. திருவானைக்கா அம்மன் அகிலாண்டேசுவரி. 'சித்திரப்பாவை'க்கு ஞானபீடம் பெற்ற அகிலனின் இயற்பெயர் அகிலாண்டம். மலேசிய ரப்பர்த் தோட்டத் தமிழரை வைத்துப் 'பால்மரக்காட்டினிலே' எழுதியவரும் அவரே. ஆனால் 'ஆள்பவன்' என்பதற்குச் சொல்லில் இடமே இல்லை. அது பட்டியல்காரரின் கைச்சரக்கு.

அறிவாளி எங்கிருந்து வந்தான்? அரபியில் 'ஆகில்' என்றால் அறிவுடையவன். மலாய்க்காரர்கள் பிள்ளைகளுக்கு வைக்கும் பெயர் அது. புத்தியைக் குறிக்கும் மலாய்ச் சொல்லான 'அக்கால்' அதே வேரில் பிறந்தது. பிறப்புச் சான்றிதழில் பெயர் ரோமன் எழுத்தில் ஏறும்போது 'அ', 'ஆ' வேறுபாடு தொலைந்துவிடுகிறது. பக்கத்து வீட்டு ஆகிலின் பொருள் நம் அகிலன் தலையில் ஏறியது இப்படித்தான் என்பேன்.

பட்டியல்கள் கண்டுகொள்ளாத மூன்றாவது சொல் ஒன்று உண்டு. கெடாவுக்கு நெருக்கமானது அதுதான்: அகில் என்னும் வாசனைக் கட்டை. மலாயில் காஹாரு. நோயில்லாத மரத்தில் அந்த வாசனை இராது. காயம் பட்டுப் பூஞ்சை தொற்றிய இடத்தில் மரம் பிசின் சுரந்து கறுக்கும். அந்தக் கறுத்த பகுதிக்குத்தான் விலை. சிலப்பதிகாரத்துக்கு உரை எழுதிய அடியார்க்குநல்லார் அகில் வகைகளை அடுக்கும்போது அருமணவன், தக்கோலி, கிடாரவன், காரகில் என்கிறார். கிடாரம் என்பது கடாரம். 1025இல் ராசேந்திர சோழன் படை போன இடம், இன்றைய கெடா. ஊர்ப்பெயரை வைத்துக் கட்டையை ஆண்பிள்ளை போல அழைத்திருக்கிறார்கள்! பட்டியல்களில் உள்ள அத்தனை பெயர்களையும்விட எனக்குக் கிடாரவனைப் பிடிக்கும்.

அகிலையும் தப்பாகக் காதில் வாங்கியவர்கள் உண்டு. போர்த்துகீசியர் வாயில் அது கழுகைக் குறிக்கும் சொல்லோடு குழம்ப, ஆங்கிலத்தில் கழுகுமரம் ஆயிற்று. தாவரவியலும் லத்தீன் கழுகை வைத்து 'அக்குவிலாரியா' என்றே பதிந்துகொண்டது.

அகில் + அன் என்று பிரித்து மணமுள்ளவன் என்று சொல்ல இலக்கணம் இடம் தரலாம், வழக்கு தராது. நம்மவர்கள் இந்தப் பெயரை வைத்தது அகிலத்தை நினைத்துத்தான்.

பெயரை முடிவு செய்யும் பெற்றோருக்கு ஒரு வார்த்தை: பதிவு அலுவலகத்துக்குக் கிளம்பும் முன் பெயரைத் தமிழில் எழுதிச் சென்னைப் பல்கலைக்கழகத் தமிழ் லெக்சிகனில் பாருங்கள். அகில் தனியாக, அகிலம் தனியாக அங்கே இருக்கின்றன. ரோமன் எழுத்தில் தேடினால் மூன்று மொழிச் சொற்களும் ஒன்றாகத்தான் வந்து விழும்.