எனிமா கேனும் உப்புத் தண்ணீரும்

முகம் சுளிக்காமல் படிக்க வேண்டும் என்று முதலிலேயே கேட்டுக்கொள்கிறேன். சாப்பிட்டுக்கொண்டிருந்தால் முடித்துவிட்டு வாருங்கள் :-)

போன மாதம் ஒரு நாள் ராத்திரி பதினோரு மணி. லேக் மார்க்கெட் பக்கம் இருக்கும் ஒரு மாமியிடமிருந்து போன். "ஏம்மா, பேரனுக்குக் காலம்பறலேர்ந்து பேதியா போறது. உள்ள இருக்கறதக் கழுவி விட்டுட்டா நின்னுடும்னு பழைய எனிமா கேனை எடுத்து வெச்சிருக்கேன். எவ்வளவு தண்ணி விடணும்?"

"மாமி, முதல்ல அந்தக் கேனைக் கீழே வைங்க" என்றேன்.

நாகர்கோவிலில் இருந்து கொல்கத்தாவுக்கு நர்ஸ் வேலைக்கு வந்து வருஷங்கள் ஓடிவிட்டன. மாமி கேட்ட கேள்வி புதுசு இல்லை. பெரிய பெரிய டாக்டர்களே கேட்ட கேள்வி. அதற்கான பதிலில் பாதிக்கு மேல் இந்த ஊரில்தான் கிடைத்தது. அந்தக் கதையைத்தான் சொல்லப் போகிறேன்.

வாந்திபேதி என்று நம் பாட்டிகள் பயந்த காலரா, உலகத்தைச் சுற்றக் கிளம்பியதே இந்த வங்காளத்தில் இருந்துதான். 1831-32ல் அது இங்கிலாந்துக்குப் போய்ச் சேர்ந்தது. ஓ'ஷாக்னெஸி என்ற இருபத்திரண்டு வயது டாக்டர் நோயாளிகளின் ரத்தத்தைப் பரிசோதித்து, அதில் தண்ணீரும் உப்பும் குறைந்துபோயிருப்பதைக் கண்டுபிடித்தார். போனதைத் திருப்பிக் கொடுத்தால் போதுமே என்றார். இவர் அடுத்த வருஷமே கல்கத்தாவுக்கு வந்து, பிறகு இங்கே மருத்துவக் கல்லூரியில் வேதியியல் பேராசிரியர் ஆனார்.

அவர் சொன்னதைச் செய்து பார்த்தவர் ஸ்காட்லாந்தில் லீத் என்ற ஊரில் இருந்த தாமஸ் லாட்டா. 1832ல் அவர் முதலில் கையில் எடுத்தது எனிமாவைத்தான். உப்புத் தண்ணீரைப் பின்வழியாகப் பெருங்குடலுக்குள் நிறைய ஏற்றினார். பலன் இல்லை, சிலருக்குக் கெடுதலே ஆனது. அதன் பிறகுதான் ரத்தக்குழாயில் ஏற்றினார். இன்று நாம் 'டிரிப் போடறது' என்று சொல்வதன் தாத்தா அதுதான். 1900களில் கல்கத்தாவில் லெனார்ட் ரோஜர்ஸ் அடர்த்தியான உப்பு நீரை நரம்பில் ஏற்றி, காலரா சாவைப் பாதி அளவுக்குக் குறைத்தார்.

ஆனாலும் பின்வழியை யாரும் விட்டுவிடவில்லை. சிகாகோவில் மர்ஃபி என்ற சர்ஜன், உப்பு நீரைச் சொட்டுச் சொட்டாக மலக்குடலில் விட்டால் உடம்பு அதை உறிஞ்சிக்கொள்ளும் என்று காட்டினார். ரகசியம் இரண்டுதான். பாத்திரம் தாழ்வாக இருக்கணும், வேகம் குறைவாக இருக்கணும். முதல் உலகப் போரில்கூட இந்த முறை பயன்பட்டது.

இனி கல்கத்தாவுக்கு வருவோம். 1953ல் ஹேமேந்திரநாத் சாட்டர்ஜி என்ற டாக்டர் லான்செட் பத்திரிகையில் ஒரு கட்டுரை எழுதினார். ஒரு லிட்டர் தண்ணீர், 4 கிராம் உப்பு, 25 கிராம் குளுக்கோஸ். இதை லேசான காலரா நோயாளிகளுக்கு வாய்வழியாகவும் கொடுத்தார், பின்வழியாகவும் கொடுத்தார். கூடவே வாந்திக்கு மருந்தும், நம்ம கற்பூரவள்ளி இனத்து இலைச் சாறும். நோயாளிகள் பிழைத்தார்கள். ஆனால் உள்ளே போனது எவ்வளவு, வெளியே வந்தது எவ்வளவு என்ற கணக்கு அதில் இல்லை. ஒப்பிட்டுப் பார்க்க வேறு நோயாளிக் குழுவும் இல்லை. உலகம் கண்டுகொள்ளவில்லை.

எந்த வழி வேலை செய்தது? விடை பிறகு வந்தது. 1959ல் இதே ஊரில் சம்புநாத் டே, காலராக் கிருமியின் நச்சு குடலில் இருந்து தண்ணீரை வெளியே இழுப்பதை முயலின் சிறுகுடலில் காட்டினார். 1960ல் ராபர்ட் கிரேன், சிறுகுடலில் குளுக்கோஸ் உள்ளே போகும்போது உப்பையும் கையோடு கூட்டிக்கொண்டு போகிறது என்று விளக்கினார். அந்த ஜோடிக் கதவு காலராவிலும் மூடுவதில்லை. உப்பு போனால் தண்ணீரும் பின்னாலேயே போகும். பெருங்குடலில் அந்தக் குளுக்கோஸ் கதவு கிடையாது. எனிமா அங்கே வரைதான் போகும். கடும் காலராவில் மணிக்கு ஒரு லிட்டர்கூட வெளியேறும்போது, கீழிருந்து ஏற்றுவது எந்த மூலைக்கு?

1971ல் இது நிரூபணமானது. கல்கத்தாவுக்கு அருகே பன்காவ் எல்லையில் லட்சக்கணக்கில் அகதிகள். டிரிப் பாட்டில்கள் தீர்ந்துபோயின. திலீப் மகலனாபிஸ் உப்பு, குளுக்கோஸ், சமையல் சோடா கலந்து பீப்பாய்களில் நிரப்பினார். உறவினர்களே மொண்டு மொண்டு குடிக்கக் கொடுத்தார்கள். நூற்றுக்கு முப்பது பேர் வரை செத்துக்கொண்டிருந்த இடத்தில் சாவு 3.6 சதவீதத்துக்கு இறங்கியது. அவர் 2022ல் காலமானார்.

அப்படியானால் எனிமா வீணா? இல்லை. இறுகிப்போன மலச்சிக்கலுக்கும், சில பரிசோதனைகளுக்கு முன்பும் இன்றும் அது தேவை. நான் பயிற்சியில் இருந்தபோது அவசரத்தில் கேனை ஸ்டாண்டின் உச்சியில் மாட்டிவிட்டேன். பெரியவர் வலியில் சுருண்டு, முகம் வெளுத்து, வேர்த்துக் கொட்டினார். சீனியர் சிஸ்டர் ஓடி வந்து குழாயை மூடி, கேனை இறக்கினார். "உயரம்தான் அழுத்தம்" என்று மட்டும் சொன்னார். இன்றும் மறக்கவில்லை.

நாங்கள் செய்வது இதுதான். நோயாளியை இடது பக்கம் ஒருக்களித்துப் படுக்க வைப்போம், பெருங்குடலின் கடைசிப் பகுதி அந்தப் பக்கம்தான். தண்ணீர் உடம்புச் சூட்டில் இருக்கணும். குழாயில் உள்ள காற்றை வெளியேற்றி, ஜெல் தடவி, பெரியவர்களுக்கு ஏழிலிருந்து பத்து சென்டிமீட்டர் வரை, தடுத்தால் தள்ளாமல். கேன் ஒன்றரை அடிக்கு மேல் போகக் கூடாது. வலித்தால் உடனே நிறுத்தணும். காரணம் தெரியாத வயிற்றுவலிக்கு எனிமாவே கூடாது, அது குடல்வாலாக இருக்கலாம். வெறும் தண்ணீரைத் திரும்பத் திரும்ப ஏற்றினால் அது ரத்தத்தில் சேர்ந்து உப்பு நீர்த்துப்போகும். குழந்தைகளுக்கும் வயதானவர்களுக்கும் வலிப்பே வரலாம்.

மாமியின் பேரனுக்கு நடக்க இருந்தது அதுதான். ஏற்கனவே உப்பை இழந்துகொண்டிருந்த குழந்தை. "ஓஆர்எஸ் பாக்கெட் வாங்கி, அதில் போட்டிருக்கிற அளவுத் தண்ணியில கலந்து, ஸ்பூன் ஸ்பூனா கொடுங்க. கண்ணு குழிஞ்சாலோ, மூத்திரம் போகலைன்னாலோ, ரத்தம் போனாலோ, குடிச்சதெல்லாம் வாந்தி எடுத்தாலோ உடனே ஆஸ்பத்திரி" என்றேன்.

காலையில் மறுபடி போன். "பால் கேட்டு அழறான்மா."

கேன் பரணுக்குப் போய்விட்டதாம். அங்கேயே இருக்கட்டும்.